டிவி இல்லாத மெட்ராஸ்

சிரிக்க வைக்கிறேன், சத்தியம். ஆனால் உடனே இல்லை. முதலில் எங்கப்பா சின்னச்சாமி சிரித்து முடிக்கட்டும்.

ஞாயிறுதோறும் டிவியில் மெட்ராஸ் வாழ்க்கையைக் கிண்டல் செய்து அரைமணி நேரம் ஒரு தொடர் வரும். தண்ணி லாரிக்குப் பின்னால் குடத்தோடு ஓடுகிறவர்கள், பஸ்ஸுக்குள் ஒரு காலை மட்டும் வைத்தவர்கள். பார்த்துப் பார்த்து அப்பாவுக்கு ஆசை வந்துவிட்டது. திராட்சைத் தோட்டத்தை விற்றுவிட்டு மெட்ராஸுக்கே குடிபோவதாக முடிவு. பத்து வருசமாக அந்தப் பந்தலில் கவாத்து வெட்டி மருந்தடித்தது அம்மா.

அம்மா சண்டை போடவில்லை.

"போவோங்க. எங்கண்ணன் அங்கன வீடு பாத்துட்டாக. வீட்டுக்காரம்மா பதினோரு மணிக்குப் போன் பண்ணுவாக."

அப்புறம் அடுப்படியில், வீட்டுக்காரம்மா பேச வேண்டியதை எழுதிய ஒரு சீட்டை என் கையில் திணித்தாள். எனக்கு எல்லார் குரலும் வரும். ஹெட்மிஸ்ட்ரஸ் குரலில் பள்ளிக்கே லீவு விட்டவள் நான்.

பதினோரு மணி. எதிர்த்தாற்போல நவாஸ் அண்ணன் எஸ்.டி.டி. பூத்தில் நான். எங்கள் வீட்டு ஜன்னலோரம் போனும் கையுமாக அப்பா. பக்கத்தில் தோட்டம் வாங்க வந்த செல்லப்பாண்டி.

"ஹவுஸ் ஓனர் பேசறேன். தண்ணி ஒரு நாளைக்கு ஆறு குடம்தான்."

குளிக்கப் போனால் எருமைகள் கரையேறிய பிறகும் வாய்க்காலில் கிடப்பவர் அப்பா. எனக்கு நம்பிக்கை வந்தது.

"அப்ப லாரிக்கு ஓடணுமாம்மா? மொதல்ல யாரு ஓடுவாக?"

"சொந்தக்காரங்க ரெண்டு பேருக்கு மேல வரக்கூடாது."

"எங்க பக்கம் ஒரு மொட்டைக்கே ரெண்டு வேன் வரும்மா. வந்தா வெரட்டுவீகளா? வெளக்கமாத்தாலயா?" விழுந்து விழுந்து சிரிக்கிறார். "அப்பிடியே டிவில வர்றாப்லயே இருக்கு."

எனக்கு வேர்த்துவிட்டது. பூத்துக் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, அம்மா எழுதிய கடைசி வரியைப் படித்தேன்.

"வீட்ல டிவி வைக்கக்கூடாது. சத்தம் எனக்கு ஆகாது."

அப்பாவின் சிரிப்பு நின்றது. பிறகு மெதுவாக, "டிவி இல்லாம மெட்ராஸ எப்பிடிம்மா பாக்குறது?"

"அது உங்க பிரச்சினை."

அப்பா செல்லப்பாண்டி பக்கம் திரும்பினார். "தோட்டம் குடுக்குறதா இல்லப்பா. போய்ட்டு வா."

செல்லப்பாண்டி முணுமுணுத்துக்கொண்டே தெருமுனையைத் தாண்டினார். அந்த நேரம் பார்த்துப் பூத்தை உரசிக்கொண்டு மைக் கட்டிய ஆட்டோ வந்தது. "தேவாரம் ஊர்ப் பொதுமக்களே, நாளை கால்நடை மருத்துவ முகாம்..."

அப்பாவுக்கு ஒரு காதில் ஜன்னல், மறு காதில் போன்; ரெண்டிலும் அதே மைக்.

"ஏம்மா, இந்த ஆட்டோ மெட்ராஸ் வரைக்குமா வருது?" என்றார், ஆர்வமாக.

அப்புறம் எதிரே பூத்தில் என்னைப் பார்த்தார். திரும்பி அடுப்படியையும் பார்த்தார்.

"கிருபாவதி, போனை வச்சுட்டு வாத்தா. இங்கனயாவது டிவி உண்டான்னு ஒங்கம்மாகிட்ட கேட்டுச் சொல்லு."