வசனகர்த்தாவுக்கு நான் அடித்த நோட்டீஸ்

ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். ஆனாலும் மொன்றியலில் இரண்டு சாப்பாட்டுக்கடை, ரொக்ஸ்பரோவில் சொந்த வீடு என்று எழும்பியவன். (படித்தவர்கள் என் கடையில் கோப்பை கழுவியிருக்கிறார்கள்.) அப்படிப்பட்ட நான் ஒரு நல்ல மனிதரின் செத்தவீட்டைப் பாழாக்கினேன்.

இரண்டாயிரத்து ஐந்து, ஆறு இருக்கும். எங்கள் பேஸ்மென்டில் ஒரு வெள்ளைக்காரக் கிழவர் வாடகைக்கு இருந்தார். லண்டனில் முப்பது வருடம் சினிமாவுக்கும் டிவிக்கும் கதை வசனம் எழுதியவர். எழுதியது அவர், திரையில் வந்தது வேறு ஆட்களின் பெயர். ஒரேயொரு படத்தில் இவர் பெயரும் வந்ததாம். டிவியில் போட்டபோது விளம்பரத்துக்காக அந்த இடத்தையே வெட்டிவிட்டார்கள். ஒரு படத்துக்கு எழுதவென்று இங்கே வந்தார். படம் பாதியில் நின்றது, இவரும் நின்றுவிட்டார்.

புற்றுநோய் முற்றி ஆசுபத்திரியில் கிடந்தபோது என் கையைப் பிடித்து ஏதோ சொன்னார். மகள் தர்ஷினி மொழிபெயர்த்தாள்.

"அப்பா, தான் செத்தா ஒரு இடத்திலயாவது தன்ர பேரைப் பெரிசாப் போடட்டாம்."

"இதென்ன பெரிய வேலை? எங்கட ஆக்களுக்கு அடிக்கிற மாதிரி நோட்டீசே அடிக்கிறன் எண்டு சொல்லு!"

கிழவர் சிரித்தார். மூன்றாம் நாள் போய்விட்டார்.

கண்ணீர் அஞ்சலி நோட்டீஸுக்கு அச்சகத்துக்குப் போனில் சொன்னேன். நடுவில் அவர் படம். மேலே 'ஆங்கிலத் திரையுலகின் சிங்கம்'. கீழே துயருறுவோர்: நான், மனைவி, நாலு பிள்ளைகள், மருமக்கள், இரண்டு கடைச் சமையல்காரர்கள்.

"அண்ணை, இடம் முட்டிப்போச்சு" என்றார் அச்சகக்காரர்.

"சிங்கத்தைக் கொஞ்சம் சின்னனாக்கும். என்ர பேரில கை வையாதையும்."

அடித்து வந்ததும் என் பெயரைத் தேடிப் பார்த்தேன். பளிச்சென்று இருந்தது. திருப்தி.

உடலை வைத்திருந்த மலர்ச்சாலைக்கு வந்த ஒரே சொந்தம், லண்டனிலிருந்து வந்த அவருடைய அக்கா. நோட்டீஸை வாங்கித் தம்பியின் படத்தைத் தடவினார். பிறகு தர்ஷினியிடம் ஏதோ கேட்டார்.

"அப்பா, இதில தன்ர தம்பியின்ர பேர் எது எண்டு கேக்கிறா."

விரலை வைத்து வாசித்தேன். நான். மனைவி. பிள்ளைகள். கொத்துரொட்டி போடும் செல்வம்கூட இருந்தான். மேலேயிருந்து இன்னொருதரம் வாசித்தேன்.

"மற்றப் பக்கத்தில எண்டு சொல்லு."

அக்கா திருப்பினார். வெறும் வெள்ளை. அதையே கனநேரம் பார்த்தார். பிறகு மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு மெல்ல ஏதோ சொன்னார்.

"என்னவாம்?"

"பரவாயில்லையாம் அப்பா. அவருக்கு இது பழக்கமாம்."

பெட்டியை மூடினார்கள்.

வீட்டில் யார் எதில் முக்கியமானதை மறந்தாலும், "அப்பா நோட்டீஸ் அடிச்ச மாதிரி" என்பார்கள். மருமகன்கூடச் சிரிப்பான். நேற்று இதை எழுதி முடித்து மனைவியிடம் நீட்டினேன். கண்ணாடியைப் போட்டு இரண்டு தரம் வாசித்தாள்.

"இஞ்சேருங்கோ, இதிலயும் அந்த மனிசன்ர பேரைக் காணேல்லையே!"

றெஜினோல்ட் தோர்ன்விக். பத்திரிகை ஆசிரியர் இதைக் கொஞ்சம் பெரிய எழுத்தில் போடவேண்டும்.