அனுமதிக்கப்பட்ட விலகல்

நாளைக்கு நடக்கப்போவதைச் சோதிடர்கள் சொன்னார்கள், நடக்கவில்லை. வானிலை நிபுணர்கள் சொன்னார்கள்; குடை எடுத்துப் போன நாளெல்லாம் வெயில் கொளுத்தியது. மனித குலத்தின் இந்த நெடுநாள் அவமானத்தைத் துடைத்து, சொன்னதைச் சொன்னபடி, அதுவும் இரண்டு தசமத் துல்லியத்தோடு நடத்திக் காட்டிய பெருமை உலகத்திலேயே ஒரே ஒரு பொறியியல் கல்லூரிக்குத்தான் உண்டு. மற்ற கல்லூரிகளில் மாணவர்களின் சிஜிபிஏயைக் கணக்குப் போடுவார்கள். இங்கே அதைத் திட்டம் போட்டார்கள்.

கல்லூரி வாசல் மிதிக்காத புண்ணியவான்களுக்காக ஒரு வார்த்தை. ஒவ்வொரு செமஸ்டருக்கும் பத்துக்கு இவ்வளவு என்று தரப்புள்ளி போடுவார்கள். எட்டு செமஸ்டரையும் கூட்டி எட்டால் வகுத்தால் வருவது சிஜிபிஏ. வேலை கொடுப்பவன் முதலில் கேட்பது அதை. பெண் பார்க்க வருகிறவன் இரண்டாவதாகக் கேட்பது அதை.

சில வருடங்களுக்கு ஒருமுறை வந்து போகும் தரமதிப்பீட்டுக் குழு, 'தன் இலக்கை அடைவதே நல்ல கல்லூரி' என்று ஒரு அறிக்கையில் எழுதி வைத்துவிட்டுப் போயிற்று. முதல்வர் அதை மூன்று முறை படித்தார். இலக்கை எட்டுவது கடினம், எட்டுகிற இடத்தில் இலக்கை வைப்பது சுலபம் என்ற ஞானம் அவருக்கு அன்றுதான் பிறந்தது. மறுநாளே நூலகத்தைக் காலி செய்து 'சிஜிபிஏ திட்டமிடல் மையம்' என்று பலகை மாட்டினார்கள். புத்தகங்கள் மாடிப்படிக்குக் கீழே குடியேறின.

மையத்துக்குத் தலைவராக ஒரு திட்ட அலுவலர் வந்தார். "மணி என்ன சார்?" என்று கேட்டால் "பத்தே கால்" என்று சொல்ல மாட்டார், "பத்து புள்ளி இரண்டு ஐந்து" என்பார். பிள்ளைகள் அவருக்குத் 'தசமம்' என்று பெயர் வைத்திருந்தார்கள். இரண்டாம் ஆண்டு முடிகிற ஒவ்வொரு மாணவரும் அவர் முன்னால் உட்கார்ந்து, படிப்பு முடியும்போது தன் சிஜிபிஏ எவ்வளவு இருக்கும் என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். அனுமதிக்கப்பட்ட விலகல் 0.05. மேலேயும் சரி, கீழேயும் சரி.

அப்படி உட்கார்ந்தவர்களில் ஒருத்தி, வீட்டில் எல்லோரும் 'சின்னவள்' என்று கூப்பிடும் பெண். அப்பா லிஃப்ட் மெக்கானிக். அம்மா ஒரு பல் மருத்துவமனையில் டோக்கன் கொடுப்பவர். நாலு செமஸ்டரில் அவள் சராசரி 6.50. கெட்ட பெண் இல்லை. புரியாததை மனப்பாடம் செய்ய வராது, அவ்வளவுதான்.

"எவ்வளவு வாங்கப் போற?" என்றார் தசமம்.

"தெரியல சார். படிச்சுப் பார்த்தாத்தானே தெரியும்?"

அவர் அவளைப் பரிதாபமாகப் பார்த்தார். "படிச்சிட்டு மார்க் வாங்கறது அந்தக் காலத்துப் பழக்கம்மா. அதுல ஒரு நிச்சயம் கிடையாது. மிச்சம் நாலு செமஸ்டருக்கும் 7.10 வாங்கினா மொத்தம் 6.80. எழுது."

"7.10 எப்படி சார் வரும்?"

"அது உன் வேலை. திட்டம் போடறது மட்டும்தான் மையத்தோட வேலை."

எழுதினாள்.

ஐந்தாவது செமஸ்டரில் விதி விளையாடியது. இயந்திர இயக்கவியல் நடத்த ஒப்பந்த அடிப்படையில் ஒரு வாத்தியார் வந்தார். பதினெட்டு வருடம் பட்டறையில் இருந்தவர். எந்தச் சட்டை போட்டாலும் கைமடிப்பில் ஒரு கறுப்புக் கறை இருக்கும். அதனால் 'கிரீஸ் சார்'. அனுபவம் போதாத மனிதர். வகுப்புக்கு வந்தால் வருகைப் பதிவு எடுத்துவிட்டு, திரையில் எழுத்தைக் காட்டி, அதையே வாசித்துவிட்டுப் போக வேண்டும் என்பதுகூட அவருக்குத் தெரியவில்லை. ஒரு நூலின் இரண்டு முனையிலும் இரண்டு நட்டைக் கட்டி, நடுவில் பிடித்து, தலைக்கு மேல் சுழற்றினார்.

"வேகமா சுத்தினா நட்டு என்ன பண்ணுது?"

"வெளிய ஓடப் பார்க்குது சார்."

"அவ்வளவுதான். அதுதான் கவர்னர். வேகம் எல்லை மீறினா அது விரியும். விரிஞ்சு ஒரு கொக்கியைத் தட்டும். லிஃப்ட் அறுந்து விழாம நிக்கிறது இதனாலதான்."

சின்னவள் அன்று சாயங்காலம் வீட்டுக்குள் நுழைந்து செருப்பைக்கூடக் கழற்றவில்லை. "அப்பா, உங்க லிஃப்டுல கவர்னர் எங்க இருக்கு?"

அப்பா சாப்பிட்ட கையோடு அவளைப் பார்த்தார். இருபது வருடத்தில் அந்த வீட்டில் யாரும் அவரிடம் அவர் வேலையைப் பற்றிக் கேட்டதில்லை. "மேல, மெஷின் ரூம்ல இருக்கும்" என்றவர், கையைக் கழுவிக்கொண்டு வந்து காலண்டரின் பின்பக்கத்தில் படம் போட ஆரம்பித்தார். அம்மா குழம்பை இரண்டு முறை சூடாக்கினாள், இருவரும் நிமிரவில்லை.

அதோடு பெண் கெட்டுப் போனாள். கையில் கிடைத்ததையெல்லாம் படித்தாள். மாடிப்படிக்குக் கீழே குந்தி உட்கார்ந்து, தூசி தட்டிப் படித்தாள். ஒரு பாடம் புரிந்துவிட்டால் பக்கத்துப் பாடமும் கதவைத் திறக்கும் என்ற அபாயத்தை அவளுக்கு யாரும் எச்சரிக்கவில்லை. ஐந்தாவது செமஸ்டர் முடிவு வந்தது: 9.50.

அன்றைக்கே மையத்திலிருந்து ஓலை வந்தது. 'தங்களது சிஜிபிஏ 6.62 ஆக இருக்க வேண்டிய நிலையில் 7.10 ஆக உள்ளது. விலகல் 0.48. இது அனுமதிக்கப்பட்ட அளவைவிட ஏறத்தாழப் பத்து மடங்கு அதிகம். தங்கள் மீது ஏன் ஒழுங்கு நடவடிக்கை எடுக்கக் கூடாது என்பதற்கு நேரில் விளக்கமளிக்கவும்.'

விசாரணைக் குழுவில் முதல்வர், தசமம், குறிப்பெடுக்கத் தேர்வுப் பிரிவு எழுத்தர் என்று மூன்று பேர்.

"போன செமஸ்டர்ல என்ன பண்ண?" என்றார் முதல்வர்.

"படிச்சேன் சார்."

"எல்லாரும் அதைத்தான் சொல்றாங்க. பயப்படாம உண்மையைச் சொல்லு."

"உண்மையாவே படிச்சேன் சார். புரிஞ்சுது."

மூவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். எழுத்தர் 'புரிந்தது' என்று மேற்கோள் குறிக்குள் எழுதி, அடிக்கோடும் இட்டார்.

"யாராவது தூண்டினாங்களா?"

"கிரீஸ் சார் நடத்தினாரு."

"எதை?"

"பாடத்தை."

"வகுப்பு நேரத்துலயா?" முதல்வர் நாற்காலியின் விளிம்புக்கு வந்துவிட்டார்.

"ஆமா சார். கவர்னர் எல்லை மீறினா எப்படி நிறுத்தறதுன்னு..."

"அரசியல் பேச்செல்லாம் கல்லூரிக்குள்ள வேண்டாம்மா!"

கிரீஸ் சாரையும் கூப்பிட்டார்கள். அவர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். "தப்புதான் சார். மார்க் ஏறும்னு நினைக்கல. தெரியாம புரிய வச்சுட்டேன்."

தசமம் கால்குலேட்டரை எடுத்தார். கணக்கு நேராக ஒரே வழி: அடுத்த செமஸ்டரில் 4.70.

"அஞ்சுக்குக் கீழ போனா ஃபெயிலாச்சே சார்" என்றாள் சின்னவள்.

"தெரியும். அதனாலதான் குழு பெரிய மனசு பண்ணி மூணு தவணையா பிரிச்சுக் கொடுக்குது. செமஸ்டருக்கு 6.30. மொத்தம் கரெக்டா 6.80-ல வந்து நிக்கும். அனாவசியமா படிச்சு நீயே உன் காலை வாரிக்காத."

"நான் கையெழுத்துப் போட்டா சார் மேல நடவடிக்கை இருக்காதா?"

"சத்தியமா இருக்காது" என்றார் முதல்வர்.

போட்டாள். முதல்வர் சொன்ன சொல் தவறாதவர். கிரீஸ் சார் மீது எந்த நடவடிக்கையும் எடுக்கவில்லை. அடுத்த வாரம் அவருடைய ஒப்பந்தத்தை நீட்டிக்கவில்லை, அவ்வளவுதான். விலகலுக்குக் காரணமானவர் முறைப்படி விலக்கப்பட்டார்.

சின்னவளுக்கு அது வகுப்பில், வெறும் மேடையைப் பார்த்தபோதுதான் தெரிந்தது. வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னாள். "என் கையெழுத்தை வாங்கிட்டு ஏமாத்திட்டாங்கப்பா."

அப்பா ஸ்பானரைத் துடைத்துக்கொண்டே கேட்டார். "பரீட்சையில இனிமே என்ன பண்ணப் போற?"

"அவங்க சொன்ன அளவுக்கு எழுதிட்டு வந்துடறேன். எனக்கு டிகிரி வேணும்ல."

சும்மா சொல்லக் கூடாது, குறைவாக எழுதுவது அப்படியொன்றும் சுலபமில்லை. நாலு பரீட்சையிலும் அளந்து அளந்து எழுதினாள். எங்கே நிறுத்தினால் நூற்றுக்கு அறுபத்துமூன்று வரும் என்று கணக்குப் போடவே பாதி நேரம் போயிற்று. ஐந்தாவது தாள் இயந்திர வடிவமைப்பு. முதல் பாடங்களைக் கிரீஸ் சார் போவதற்கு முன் நடத்தியிருந்தார். வினாத்தாளில் ஒரு பிரேக்கை வடிவமைக்கச் சொல்லியிருந்தது. பேனாவை மூடி வைத்தாள். கண்காணிப்பாளர் இரண்டு சுற்றுச் சுற்றி வந்தார். திறந்தாள். பிறகு மணி அடித்துத் தாளை உருவும்வரை அவள் கை நிற்கவில்லை.

முடிவு வந்தது. ஐந்து தாளிலும் அறுபத்துமூன்று. அந்த ஐந்தாவது தாளிலும்.

நேரே தேர்வுப் பிரிவுக்குப் போனாள். "சார், எனக்கு மறுமதிப்பீடு வேணும்."

விசாரணையில் குறிப்பெடுத்த அதே எழுத்தர்தான். நல்ல மனிதர், பொய் சொல்ல வராது. "மதிப்பீடு நடந்திருந்தாத்தானேம்மா மறுமதிப்பீடு?"

"என்ன சார் சொல்றீங்க?"

அவர் அலமாரியைத் திறந்து காட்டினார். அடுக்கடுக்காகக் கட்டுகள். கட்டிய நூலும் வைத்த முத்திரையும் அப்படியே இருந்தன. "யார் எவ்வளவு வாங்கணும்னு திட்டத்துலயே இருக்கு. அப்புறம் அதைத் திருத்தி வேற ஏன் குழப்பிக்கணும்? போன தடவை உன் 9.50 வந்ததுல இருந்து இப்படித்தான். ஒரு புகாரும் வரல."

"நான் பக்கம் பக்கமா எழுதினேன் சார்."

"பார்த்தா தெரியுது. இருக்கறதுலயே உன் தாள்தான் கனம்." கட்டைப் பிரித்து, அவள் தாளை உருவிக் கொடுத்தார். "எடுத்துட்டுப் போ. இங்க இருந்தா எப்படியும் எடைக்குத்தான் போகும். 'படிக்கப்படாத நிலையில் பெற்றுக்கொண்டேன்'னு மட்டும் எழுதிக் கையெழுத்துப் போட்டுடு."

கிரீஸ் சார் பழைய பட்டறைக்கே திரும்பியிருந்தார். சின்னவள் அப்பாவின் வண்டியில் பின்னால் உட்கார்ந்து போய்த் தாளை நீட்டினாள். அவர் லேத் மெஷினை நிறுத்தினார். கையைத் துடைத்துக்கொண்டு ஒரு பெட்டி மேல் உட்கார்ந்து, சிவப்புப் பென்சிலால் வரி வரியாகத் திருத்தினார். முக்கால் மணி நேரம் பிடித்தது. பதினோராம் பக்கத்தில் ஒரு வட்டம் போட்டார்.

"மில்லிமீட்டரை மீட்டரா மாத்த மறந்துட்ட. இந்த பிரேக்கைப் போட்டா லிஃப்ட் நிக்காது. ஆறு மார்க் போச்சு. தொண்ணூத்துநாலு."

அவள் அந்தச் சிவப்பு வட்டத்தை விரலால் தடவிப் பார்த்தாள். தொண்ணூற்றுநாலு கிடைத்ததால் இல்லை. ஒருவர் உட்கார்ந்து, படித்து, 'நீ இங்கே தப்பு' என்று சொன்னாரே, அதனால். அன்று முதல் ஒவ்வொரு சனிக்கிழமையும் அவள் பட்டறையில் இருந்தாள். பட்டம் கல்லூரியில், படிப்பு பட்டறையில் என்று ஏற்பாடு ஆயிற்று.

எட்டாவது செமஸ்டர் முடிவு வந்த கையோடு தரமதிப்பீட்டுக் குழு வந்தது. அரங்கம் நிறைந்த கூட்டம், பெற்றோருக்கும் அழைப்பு. மூவாயிரத்து இருநூறு மாணவர்களின் திட்டமும் முடிவும் திரையில் ஓடின. மொத்த விலகல்: 0.00. இப்படி ஒரு பூஜ்யத்தை வாங்க ஒரு கல்லூரி எவ்வளவு பாடுபட வேண்டும் என்று குழுத் தலைவர் நெகிழ்ந்தார். வழி தவறித் திருந்தியவர்களுக்கு முன்னுதாரணமாகச் சின்னவளை நன்றி சொல்ல மேடைக்கு அழைத்தார் தசமம்.

அவள் மைக்கைப் பிடித்தாள். "நான் எழுதின தாள் இது. இந்தக் கல்லூரியில யாரும் படிச்சுப் பார்க்கல. வெளிய போய்த் திருத்திட்டு வந்தேன். அறுபத்துமூணு இல்ல, தொண்ணூத்துநாலு." தாளைக் குழுத் தலைவரின் முன்னால் வைத்துவிட்டு இறங்கினாள். கடைசி வரிசையில் அப்பா எழுந்து நின்றிருந்தார்.

தலைவர் பக்கங்களைப் புரட்டினார். சிவப்புக் கோடுகளைப் பார்க்கப் பார்க்க அவர் முகம் வெளிறியது. "முதல்வரே, என்ன இது?"

முதல்வர் பதறாமல் எழுந்தார். "ஐயா தப்பா நினைக்கக் கூடாது. இவ்வளவு பிள்ளைங்க வந்து போற இடம். நாங்க எவ்வளவுதான் கண்ணுல விளக்கெண்ணெய் விட்டுப் பார்த்தாலும், ஒண்ணு ரெண்டு படிச்சிடுது. ஆனா உடனே கண்டுபிடிச்சு, மார்க்கைச் சரி பண்ணிட்டோம்."

"இனிமே இப்படி நடக்காதுங்கறதுக்கு என்ன உத்தரவாதம்?"

"சொல்லிக்கொடுக்கத் தெரிஞ்சவர் ஒரே ஒருத்தர்தான் இருந்தார் ஐயா" என்றார் முதல்வர். "அவரையும் அனுப்பிட்டோம்."