மூன்று அழுத்தினால் மரணம்

இதை எனக்குச் சொன்னவர் அன்று கூட இருந்த ஒலிப்பதிவாளர்தானா என்பது இப்போது உறுதியாக நினைவில்லை. சோபா பச்சை நிறம் என்று ஞாபகம்; அதுவும் தப்பாக இருக்கலாம். அதில் உட்கார்ந்து பேய் நிபுணர் வியர்த்துக்கொண்டிருந்தார் என்பது மட்டும் நிச்சயம்.

பேய்ப் படங்களைப் பற்றிய பதினொரு ஆவணப்படங்களில் கருத்துச் சொன்னவர் அவர். "பயம் கண்ணில் இல்லை, காதில் இருக்கிறது" என்ற அவருடைய வாசகம் பலருக்கு மனப்பாடம். காதை விட்டால் அவருக்கு வேறு வழியில்லை என்பது மனைவிக்கு மட்டுமே தெரியும். படம் தொடங்கியதுமே கண்ணை இறுக மூடிக்கொள்வார். பக்கத்தில் பட்டாணி உரித்தபடி அவள்தான் கதை சொல்வாள். அவள் சொல்லும் எல்லாப் படத்திலும் எப்படியோ ஒரு மாடிப்படி வந்துவிடும்.

பன்னிரண்டாவது ஆவணப்படத்தின் பெண் இயக்குநர் அன்று காலை ஒலிப்பதிவாளரோடு வீட்டுக்கே வந்துவிட்டார்.

"சார், இந்தத் தடவை பேட்டி வேண்டாம். நீங்க படம் பாருங்க. உங்க கண்ணை மட்டும் எடுக்கிறேன்."

பதினைந்து வருஷம் சேர்த்த பெயர் ஒரே நாளில் போய்விடும் போலிருந்தது.

"கண்ணுக்கு மருந்து விட்டிருக்கேம்மா. வெளிச்சம் ஆகாது" என்று கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டார்.

"ஆகா, இன்னும் மிரட்டலா இருக்கு! ஆனா கண்ணு தெரியலைன்னா மூச்சாவது கேக்கணும். படத்தைச் சத்தமில்லாம ஓட்டிடலாம்."

கிணறு வெட்டப் பூதம் கிளம்பிவிட்டது. அவர் சமையலறைக்கு ஓடினார்.

"இன்னிக்கு என் மானம் உன் கையிலதான் இருக்கு."

"என்னிக்கு உங்க கையில இருந்துச்சு?"

"கிண்டல் பண்ணாதே. பேய் வந்தா என் கையை ஒரு தடவை அழுத்து. போயிட்டா ரெண்டு. யாராவது செத்தா மூணு."

"பேயே செத்துட்டா?"

"அது செத்ததாலதானடி பேய்!"

திரைச்சீலைகளை இழுத்து மூடினார்கள். கேமராவை அவர் முகத்துக்கு நேராக வைத்துவிட்டு, இயக்குநர் சோபாவுக்குப் பின்னால் நின்று ரிமோட்டை அழுத்தினார். நிபுணர் கண்ணாடிக்குள் கண்ணை மூடினார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த மனைவியின் கை ஒரு தடவை அழுந்தியது.

"வந்துட்டா" என்றார் மெல்ல. "மாடிப்படியில நிக்கிறா."

"ஐயோ, அந்தப் படி!" என்று பின்னால் இயக்குநரின் குரல் நடுங்கியது.

இரண்டு அழுத்தல். பெருமூச்சு விட்டார். மூன்று அழுத்தல். "பாவம், சின்ன வயசு" என்றார்.

அந்த ஆவணப்படம் வெளிவந்து பரிசும் வாங்கியது. நிபுணர் அதற்குப் பிறகு இன்னும் மூன்றில் பேசிவிட்டார். மனைவிக்கும் இப்போது தனி நாற்காலி, தனி மைக். இயக்குநர் சொந்தமாகவே ஒரு பேய்ப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறார். ஒலிப்பதிவாளர் மட்டும் இந்தத் தொழிலே வேண்டாமென்று பறவைச் சத்தம் பதியப் போய்விட்டார். அன்று இருபது நிமிடம் கழித்து, காதிலிருந்து ஹெட்போனைக் கழற்றிவிட்டு அவர் இயக்குநரிடம் சொன்னது இவ்வளவுதான்:

"மேடம், நீங்களாவது கண்ணைத் திறங்க. ரிமோட்ல பேட்டரியே இல்லை. டிவி இன்னும் கறுப்பாத்தான் இருக்கு."