கியூசி அக்காவின் மஞ்சள் ஸ்டிக்கர்

கதை எழுதுகிறவர்கள் உலகத்தில் கோடிப் பேர் இருக்கலாம். குழந்தைகள் ஒன்றுக்குப் போவதைக் குறித்துவைத்துக் கதையைத் திருத்துகிறவர் ஒரே ஒருவர்தான். அவர் ஜொகூர் பாருவில், எங்கள் ஸ்டூடியோவில், என் எதிர் மேசையில் உட்கார்ந்திருந்தார். நாலு வருஷம் அந்த மனுஷியோடு குப்பை கொட்டியிருக்கிறேன். எனக்குச் சொர்க்கத்தில் இடம் உறுதி.

அவரைச் சொந்தப் பெயர் சொல்லி யாரும் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. எல்லோருக்கும் அவர் கியூசி அக்கா. எங்கள் தொழில் தொலைக்காட்சிக்குக் குழந்தைகள் கார்ட்டூன் செய்வது. நான் படம் போடுகிறவன், அக்கா கதை எழுதுகிறவர். அதற்கு முன் பதினோரு வருஷம், தினமும் பாலம் தாண்டி, சிங்கப்பூர்த் தொழிற்சாலை ஒன்றில் கியூசியாக, அதாவது தரம் பார்ப்பவராக, மின்பலகைகளைச் சோதித்து நல்லது ஒரு பக்கம், ரிஜெக்ட் ஒரு பக்கம் என்று பிரித்துக்கொண்டிருந்தவர். முதல் கதையை எழுதியதே பாலத்து ஜாமில் மோட்டார் சைக்கிளில் காத்துக் கிடந்தபோதுதானாம். அந்த வேலையை அவர் விட்டுவிட்டார். அது அவரை விடவில்லை.

வந்த முதல் நாளே என்னைக் கேட்டார்.

"தம்பி, இங்க கதைக்கு கியூசி யாரு?"

"அப்படி யாரும் இல்லையேக்கா."

"அலமாக்! அப்ப கெட்டுப்போன கதைலாம் நேரா டிவிக்குப் போயிருதா?"

அடுத்த வாரமே அக்கா ஒரு முறையைக் கண்டுபிடித்துவிட்டார். சாஆ என்ற ஊரில் அவர் தங்கை பாலர் பள்ளி ஆசிரியை. செவ்வாய்க்கிழமை தவறாமல் அக்கா அங்கே காரை விடுவார். இருபத்து மூன்று குழந்தைகளுக்கும் ஆளுக்கு ஒரு பெரிய கப் சிராப், அதுதான் ரோஸ் சர்பத். குடித்து முடித்ததும் கதை. "தண்டாஸ் போகணும்னா தாராளமா எழுந்து போலாம், கேக்கவே வேணாம்" என்று முதலிலேயே சொல்லிவிடுவார். எந்த வரியில் எந்தக் குழந்தை எழுந்து போகிறது என்று நோட்டில் குறித்துக்கொள்வார். ஒரு குழந்தை எழுந்தால் அந்தப் பக்கத்துக்கு மஞ்சள் ஸ்டிக்கர், திருத்த வேண்டும். மூன்று பேர் எழுந்தால் சிவப்பு, ரிஜெக்ட்.

"கதை நல்லா இருந்தா புள்ளைங்க அடக்கிக்கிட்டு உக்காரும் தம்பி. இதைவிட நேர்மையான மெஷின் எந்த பெக்டரியிலயும் கிடையாது."

இந்த மெஷினில் முதலில் சிக்கியவர் எங்கள் பாஸ். அவருக்கு நீதிக்கதைப் பித்து உண்டு. நேர்மையைப் பற்றி அவரே ஒரு கதை எழுதி, "இதையும் டெஸ்ட் பண்ணுங்களேன்" என்று பெருமையாகக் கொடுத்தனுப்பினார். மூன்றாவது வரியில் நாலு பேர். ஐந்தாவது வரியில் ஏழு பேர். பத்தாவது வரியில் ஆசிரியையே எழுந்து போய்விட்டாராம். மறுநாள் பாஸின் மேசையில் அட்டை முழுக்கச் சிவப்பாக அந்தக் கதை கிடந்தது.

"சிராப் குடிக்காத பையன்கூட எழுந்து போய்ட்டான் பாஸ்" என்றார் அக்கா, ஆறுதல் சொல்கிற குரலில்.

ஸ்டூடியோவோடு விட்டாரா? மூவாரில் ஒரு கல்யாணம். சாப்பாட்டுக்கு முன்னால் ஒரு பிரமுகர் வாழ்த்துரை ஆற்றினார், ஆற்றினார், ஆற்றிக்கொண்டே இருந்தார். அக்கா கைப்பையிலிருந்து நோட்டை எடுத்தார். பேசி முடித்து வியர்வையைத் துடைத்துக்கொண்டிருந்தவரிடம் நேராகப் போனார். "நல்லா பேசுனீங்க சார். ஏழாவது நிமிஷத்துல மட்டும் பதினாலு பேரு எழுந்துட்டாங்க. அந்த எடத்துல வெட்டிருங்க." அந்த மனிதர் அன்று பிரியாணியைத் தொடவே இல்லை.

நானும் தப்பவில்லை. இரண்டு வாரம் கண் எரிய வரைந்த படங்களின் மேல் சிவப்பு ஸ்டிக்கரை ஒட்டியபோது எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. "நீங்க எழுதினது சரியில்லக்கா, என் படத்துல ஏன் ஒட்டுறீங்க?" என்று கத்தினேன். அக்கா அமைதியாக ஸ்டிக்கரை உரித்தார். அந்தப் பக்கத்தில் தாம் எழுதிய நாலு வரியையும் அடித்தார். அடுத்த செவ்வாய் வெறும் படத்தை மட்டும் காட்டினார். ஒரு பிள்ளை அசையவில்லை. "ஒன் படம் பாஸாயிருச்சு. நான்தான் ரிஜெக்ட்" என்றார். அப்படிச் சொல்ல எனக்கு இன்றுவரை வாய் வராது.

சிரித்துக்கொண்டு சொல்கிறேனே தவிர, அக்காவுக்கு உள்ளே ஒரு குறை இருந்தது. மூன்று வருஷமாக அடுத்தவர் கற்பனை செய்த கரடிக்குப் பல் துலக்கச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார். திரையில் 'கதைக் குழு' என்றுதான் வரும், அவர் பெயர் வராது. அவரிடம் சொந்தமாக ஒரு கதை இருந்தது. முன்பாதி கறுப்பு, பின்பாதி வெள்ளையாக ஒரு தாபீர், பன்றி சாயலில் குட்டித் தும்பிக்கையோடு எங்கள் காட்டில் திரியும் விலங்கு. கண்ணாமூச்சி விளையாடும்போது செம்பனை நிழலில் முன்பாதி மறைந்துவிடும், வெள்ளைப் பின்பக்கம் காட்டிக்கொடுத்துவிடும். எப்போதும் தோல்வி. ஒருநாள் மழை இருட்டில் வழி தவறிய காட்டுக்கோழிக் குஞ்சுகள் எல்லாம் அந்த வெள்ளைப் பின்பக்கத்தைப் பார்த்துப் பின்னாலேயே நடந்து வீடு சேர்கின்றன.

பாஸ் ஒரு வாக்குக் கொடுத்திருந்தார். ஏதாவது சேனல் தாபீரை எடுத்துக்கொண்டால் திரையில் அக்காவின் பெயர் தனியாக வரும், படப் புத்தகமும் வரும். இல்லையென்றால் தாபீர் பெட்டிக்குள், அக்கா மறுபடியும் கரடியிடம்.

கோலாலம்பூரிலிருந்து சேனல்காரர் ஒருவர் வந்தார். கதையைப் படித்தார். "எல்லாம் ஓகே. தாபீர் மட்டும் வேணாம். யாருக்குத் தெரியும் அதை? பாண்டாவா மாத்திருங்க, அதுவும் கறுப்பு வெள்ளைதானே" என்றார். பாஸ் தலையாட்டத் தொடங்கிவிட்டார்.

"சார், இங்கேருந்து எங்க போறீங்க?" என்றார் அக்கா.

"லாபிஸுக்கு. அம்மா வீட்டுக்கு."

"அப்ப சாஆ போற வழிதானே. ஒங்க பாண்டா, என் தாபீர், ரெண்டையும் டெஸ்ட் பண்ணிப் பாத்துரலாம்."

மனிதர் விளையாட்டாக ஒத்துக்கொண்டார். பாலர் பள்ளியில் சிராப் கொடுத்து, தாபீர் வரும் இடமெல்லாம் பாண்டா என்று மாற்றி அவரே வாசித்தார். ஒன்பது பேர் எழுந்து போனார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை. இனி தாபீருக்கு யார் எழுந்திருக்கப் போகிறார்கள், போக வேண்டியவர்கள்தான் போய்விட்டு வந்துவிட்டார்களே, ஜெயம் நமக்குத்தான்!

அக்கா எழுந்து நின்று, "இது செல்லாது" என்றார்.

"என்னக்கா?" என்று நான் பதறினேன்.

"இப்பத்தான் எல்லாம் போய்ட்டு வந்துருக்கு. இப்ப படிச்சா கள்ளாட்டம். அரை மணி நேரம் கழிச்சு படிப்போம். எல்லாருக்கும் இன்னொரு ரவுண்டு சிராப் ஊத்து."

பாஸ் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். எல்லோருக்கும் என்றால் எல்லோருக்கும். சேனல்காரருக்கு ஆசிரியை மரியாதைக்காக ஒரு பெரிய ஜக்கையே கொடுத்தார்.

அரை மணி நேரம் கழித்து அக்கா வாசிக்க, தாபீர் நடக்க ஆரம்பித்தது. குழந்தைகள் காலைப் பின்னிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். ஆறாம் பக்கத்தில் ஒரு பெண் குழந்தை எழுந்தது. அது படத்தைப் பார்த்து, "டேய் தாபீரு! அங்க போவாத, பாம்பு இருக்கு!" என்று கத்திவிட்டு உட்கார்ந்துகொண்டது. பதினொன்று, பன்னிரண்டு, பதின்மூன்று. ஒருவரும் அசையவில்லை. பதினாலாம் பக்கத்தில் ஒரு நாற்காலி தடாலென்று விழுந்தது. சேனல்காரர் ஓடிக்கொண்டிருந்தார்.

தண்டாஸுக்குள்ளிருந்து குரல் வந்தது. "நிறுத்துங்க! நான் வர்ற வரைக்கும் படிக்காதீங்க! குஞ்சுங்க வீட்டுக்குப் போறத நானும் பாக்கணும்!"

திரும்பி வந்து, கடைசிப் பக்கம் வரை கேட்டு, குழந்தைகளோடு சேர்ந்து கைதட்டினார். "தாபீரே இருக்கட்டும்மா. நான் எடுத்துக்கறேன்" என்றார். பாஸ் கைகுலுக்கப் பாய்ந்தார். அக்கா நோட்டைப் புரட்டினார்.

"சார், ஒரு நிமிஷம். பதினாலாம் பக்கத்துல நீங்க எழுந்துட்டீங்க. மஞ்சள் ஸ்டிக்கர். அதை மாத்திட்டுத்தான் கையெழுத்து."

"ஐயோ, அது சிராப்பும்மா!"

"எல்லாரும்தான் குடிச்சாங்க. அந்தப் பக்கத்துல என்ன இருக்கு பாருங்க. 'ஒவ்வொருவருக்குள்ளும் ஒரு திறமை உண்டு.' பாஸ் சேக்கச் சொன்ன நீதி." சொல்லிக்கொண்டே அந்த வரியை அங்கேயே அடித்தார்.

முதல் பாகம் ஒளிபரப்பான காலையில் எல்லோரும் அதே பாலர் பள்ளியில் தரையில் உட்கார்ந்து பார்த்தோம். சேனல்காரரும் வந்திருந்தார், சிராப் வேண்டாம் என்று சொல்லிவிட்டு. இருபத்து மூன்று பிள்ளைகளில் ஒன்றுகூட எழவில்லை. தாபீர் வீடு சேர்ந்தது. திரை கறுத்தது. 'கதை' என்று வந்தது. அதன் கீழே, நாலு வருஷத்தில் முதல்முறையாக, அக்காவின் முழுப் பெயர் வந்தது. எழுத்துக்கூட்டிப் படித்த பிள்ளைகள் கூரை பறக்கக் கத்தினார்கள். நானும்தான் கத்தினேன்.

திரும்பிப் பார்த்தால் அக்காவின் இடம் காலி. வெளியே, குழந்தைகளின் செருப்பு வரிசைக்குப் பக்கத்தில், சுவரைப் பார்த்து நின்றுகொண்டு துப்பட்டாவால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

தரையில் கிடந்த நோட்டை எடுத்து நானே குறித்தேன்: "பெயர் வந்த இடத்தில் எழுந்து போனவர் ஒருவர்." ஸ்டிக்கர் கட்டும் கையிலேயே இருந்தது. ஒட்ட எனக்கு மனசு வரவில்லை.