சீமைச் சாராயமும் ஹெப்சியின் கல்யாண ஓலையும்

ஆம்பூர்,
5-5-2025

பிரியமுள்ள அபினேஷுக்கு, உன் தாய்மாமன் ஜேக்கப் எழுதிக்கொள்வது. கர்த்தருடைய கிருபையால் நானும் உன் அத்தை கிரேஸியும் ஹெப்சியும் சுகம். டெல்லி வெயிலில் நீயும் அப்படியே இருக்க எங்கள் ஜெபம். போனிலேயே பேசியிருக்கலாம். பேசினால் உன் அத்தை காதில் விழும், விழுந்தால் எனக்குச் சோறு கிடையாது. அதனால்தான் இந்தக் கடிதம்.

விஷயம் இதுதான். நீ மத்திய சர்க்கார் ஆபீசில் இருக்கிறாய். எந்த இலாகா என்று மறந்துவிட்டது, எதுவானாலும் பரவாயில்லை. இங்கிலாந்தோடு பேசிக்கொண்டே இருக்கிறார்களே வர்த்தக ஒப்பந்தம், அது என்றைக்கு முடியும் என்று கேட்டு எழுது. மாமனுக்கு எதற்கு இங்கிலாந்து என்று சிரிக்காதே. நம் பெண் ஹெப்சியின் கல்யாணம் அதில்தான் தொங்குகிறது.

மாப்பிள்ளை ஜெஸ்டன் ஷூ கம்பெனியில் சூப்பர்வைசர் என்பது உனக்குத் தெரியும். நிச்சயம் முடிந்ததும் அவன் அப்பா ஒரே பிடியாகப் பிடித்துக்கொண்டார். "அக்ரிமெண்ட் வரட்டும் சார். வரி போய்ட்டா ஆர்டர் ஜாஸ்தியாவும், புது யூனிட் போடுவாங்க, பையன் மேனேஜர் ஆய்டுவான். அப்புறம் கல்யாணத்த வெச்சிக்கலாம்." அன்றிலிருந்து நான் பேப்பரில் இதைத் தவிர வேறெதுவும் படிப்பதில்லை. படிக்கப் படிக்க எனக்கு ஆர்வம் தாங்கவில்லை. ஒரு ஷூவுக்கு வரி விலக வேண்டுமானால் அது இந்த நாட்டு ஷூதான் என்று நிரூபிக்க வேண்டுமாம். தோல் ஒரு நாடு, அடிப்பாகம் ஒரு நாடு, பசை ஒரு நாடு என்றால் அது எந்த ஊர்ப் பிள்ளை? பார்த்தே தீருவது என்று, கல்யாணத்துக்காக ஜெஸ்டன் எனக்கு வாங்கிக்கொடுத்த ஷூவை அரிவாள்மணையில் வைத்துப் பிளந்துவிட்டேன். உள்ளே அட்டை இருந்தது, பஞ்சு இருந்தது, ஊர் எதுவும் இல்லை. ஒற்றை ஷூவோடு கல்யாணத்துக்கு நிற்கப்போகிறாயா என்று கிரேஸி கேட்டாள். நியாயமான கேள்விதான்.

ஈஸ்டர் முடிந்ததும் பேச்சு இறுதிக் கட்டம் என்று டிவியில் சொன்னார்கள். சம்பந்தி சரி என்றார். போன ஞாயிறுக்கு முந்தின ஞாயிறு போதகர் ஆலயத்தில், மூன்று ஞாயிறு வாசிக்க வேண்டிய கல்யாண அறிவிப்பில் முதல் ஓலையை வாசித்து, ஆட்சேபணை உள்ளவர்கள் தெரிவிக்கலாம் என்றார். யாரும் தெரிவிக்கவில்லை. ஆனால் அந்த வாரமே அவர்கள் விஸ்கிக்கு நாம் போடும் வரியில் இழுபறி என்று பேப்பரில் வர, சம்பந்தி போன் போட்டு, "இரண்டாவது ஓலைய நிறுத்துங்க, பாத்துக்கலாம்" என்றுவிட்டார். நேற்று ஓலை வாசிக்கவில்லை. ஆராதனை முடிந்ததும் பெண்கள் சங்கக் காரியதரிசி என்னை வாசலில் மடக்கி, "இன்னா பிரதர், யாரு ஆட்சேபணை சொன்னாங்க?" என்று கேட்டார். நான் உள்ளதை உள்ளபடி சொன்னேன். "விஸ்கி விஷயத்துல ஒத்துவரலைம்மா. நம்ம பக்கம் கம்மி பண்ண மாட்டேங்கறாங்க, அதான் நிக்குது." அபினேஷ், இதில் ஒரு வார்த்தை பொய் உண்டா? இன்று காலை வேலூர் லாங் பஜாரில் காய் வாங்கிக்கொண்டிருந்த சம்பந்தியம்மாளிடம் பெண்கள் சங்கத்து ஒருத்தி, "உங்க பையன் குடிய உட்டுட்டா எல்லாம் சரியாய்டும், நாங்க உபவாச ஜெபத்துல வெச்சிருக்கோம்" என்றிருக்கிறாள். ஜெஸ்டன் சோடாகூடக் குடிக்காத பையன்! சம்பந்தி போனில் கத்தினதைக் கேட்டு எதிர்வீட்டு நாய் குரைத்தது. ஆஸ்பத்திரி டியூட்டி முடிந்து வந்த ஹெப்சி, "எல்லாரும் கேக்கறாங்கப்பா, நான் இன்னா சொல்றது?" என்று சொல்லிவிட்டுச் சாப்பிடாமல் போய்ப் படுத்துவிட்டாள். ஆர்வம் வேறு, பெண்ணின் வாழ்க்கை வேறு என்று அப்போதுதான் உறைத்தது. ஆகவே விஸ்கியை எப்படியாவது சீக்கிரம் முடிக்கச் சொல்.

உன்னைக் கர்த்தர் கண்ணின் மணியைப் போலக் காப்பாராக. வேளைக்குச் சாப்பிடு.

உன் மாமன்,
ஜேக்கப்

பி.கு: 7-5-2025. கடிதத்தை ஒட்டினேனே தவிரத் தபாலில் போடவில்லை, பிரித்து இதைச் சேர்க்கிறேன். நேற்று பேச்சுவார்த்தை முடிந்ததாக டிவியில் சொன்னார்கள்! மக்கன் பேடா வாங்கிக்கொண்டு ஹெப்சியையும் அழைத்துக்கொண்டு சம்பந்தி வீட்டுக்கு ஓடினேன். ஜெஸ்டன் ஒரு பேடாவைத் தின்றுவிட்டு நிதானமாகச் சொன்னான். "மாமா, எங்க கம்பெனி ஷூ ஒண்ணுகூட இங்கிலாந்து போறதில்ல. எல்லாம் ஜெர்மனிக்குத்தான் போவுது." ஏனப்பா முதலிலேயே சொல்லவில்லை என்றால், "நீங்க யாரும் என்னக் கேக்கவே இல்லியே! உங்களுக்கும் எங்கப்பாவுக்கும் வேற ஏதோ மனஸ்தாபம், அக்ரிமெண்ட்ட சாக்கு சொல்றீங்கன்னுதான் நானும் ஹெப்சியும் நெனச்சிக்கினு இருந்தோம்" என்கிறான். சம்பந்தி வாயைத் திறப்பதற்குள் சம்பந்தியம்மாள், "வர்ற ஞாயித்துக்கெழம மறுபடி மொத ஓலை. மூணு ஓலையும் முடிஞ்ச வாரமே கல்யாணம்" என்று முடித்துவிட்டார். ஹெப்சி அங்கேயே உட்கார்ந்து நாலு பேடா தின்றாள். எனவே மேலே எழுதியது எதையும் யாரிடமும் கேட்காதே, டிக்கெட் போடு.

ஆனால் ஒன்று. ஜெர்மனி தனியாகப் பேசாதாமே? ஐரோப்பாவில் இருபத்தேழு நாடும் ஒரே வீடாக உட்கார்ந்துதான் பேசுமாமே? நாங்கள் இரண்டு வீடு பேசியதற்கே இந்தக் கதி. அங்கே மாப்பிள்ளையை யார்தான் கேட்பார்கள்? அதை மட்டும் விசாரித்துக்கொண்டு வா.