உசிலம்பட்டிப் பந்தியில் சிரியாமுகன் பட்ட பாடு

வாழ்க, கருங்கல்லினும் இறுகிய முகத்தோன்! தன் உதடு அசையாமல் ஊரையே சிரிக்கவைத்து, அலைபேசித் திரைகள்தோறும் கொலுவீற்றிருக்கும் ஆல்பின் வாழ்க! மதுரை மாநகரில் ஆங்கில ஆசிரியர் இருவருக்கு ஒரே மகனாய்த் தோன்றி, கரண்டியால் சோறுண்டு வளர்ந்த அப்பெருந்தகை, கிராமம் காணப் புறப்பட்ட நகரத்தானாக, இணையத் தொடரொன்றில் ஆல்பினாகவே நடித்துவந்தான். தன்னைப் போலவே நடிக்கத் தனக்கே ஒத்திகை தேவைப்பட்டது என்பதை இங்கே விரிக்க வேண்டாம்.

டவுன் பஸ் சென்றடையும் அயல்தேசமாகிய உசிலம்பட்டிக்கு அருகே, கிடா விருந்துப் பந்தியில், கேமராவுக்கு எதிரே அவன் சம்மணமிட்டு அமர்ந்தான்.

"எப்பவும் போல மொகத்த வச்சுக்க, அம்புட்டுதான். சிரிச்சுட்டேன்னா இந்தத் தொடரே போச்சு மாப்ள!" என்று ஆணையிட்டாள் இயக்குநர் தமிழ்வாணி.

அப்போது களம் புகுந்தாள், குழம்பு வாளி ஏந்திய கொற்றவை, அன்றைய கிடாயைத் தன் கையாலேயே சமைத்த ஒச்சாயி. தான் ஆக்கியதை உண்டவர் முகம் மலராத பந்தியை அவள் வாழ்நாளில் கண்டதில்லை. ஆல்பினோ, நெஞ்சுக்கறி நாவில் கரைந்து உயிர் பரவசமுற்றபோதும், ரேஷன் கடை வரிசையில் நிற்பவனைப் போல வெறித்திருந்தான்.

வெகுண்டாள் ஒச்சாயி. ஈரலை ஏவினாள், அவன் இமைக்கவில்லை. ரத்தப்பொரியலைக் குன்றெனக் குவித்தாள். குன்று கரைந்தது, முகம் கரையவில்லை. ஆடிப் பெருவெள்ளம் கரையை மோதுவதுபோல் எலும்புக் குழம்பு இலையின் எல்லை கடந்து வேட்டியை நோக்கிப் படையெடுக்க, நெற்றி வியர்க்க, காது சிவக்க, கண்ணில் நீர் முட்ட, அம்மாவீரன், "நல்லாருக்குக்கா" என்றான், இழவு சொல்ல வந்தவனின் குரலில்.

ஒச்சாயி வாளியைக் கீழே வைத்தாள். குனிந்து அவன் தாடையைத் திருப்பிப் பார்த்தாள். சினம் வடிந்த அவள் கண்களில் மெய்யான கவலை படர்ந்தது.

"ஏந்தம்பி, பல்லு வலியா? இல்ல, பொறந்ததுலருந்தே மொகம் இப்புடித்தானா? இத வச்சுக்கிட்டு ஒங்க ஆத்தா எப்புடிய்யா ஒனக்குப் பொண்ணு தேடும்?"

இடிந்தது கோட்டை! ஆண்டாண்டாய் அடைபட்டுக் கிடந்த சிரிப்பு மதகுடைத்துப் பாய, ஆல்பின் வயிற்றைப் பிடித்துக்கொண்டு இலைமீதே கவிழ்ந்தான், பந்தி ஆர்ப்பரித்தது, தமிழ்வாணி தலையில் கைவைத்து உட்கார்ந்தாள்.

"இப்பத்தான் தம்பிக்கு ருசி ஏறுது!" என்று திசையதிர முழங்கி, வெற்றித் திருமகள் ஒச்சாயி இன்னும் ஒரு கரண்டி ஊற்றினாள்.

மூக்கில் காரம் ஏறியதால், ஆல்பின் குழாயடிக்குப் போய் மூக்கைச் சிந்தினான்.