கல்யாணப் பாயில் சுருட்டிய சுஷி

"பச்சை மீனுன்னு சொல்லாதட்டி. அதுக்குப் பேரு சுஷி" என்றான் என் மகன்.

"பேரு என்னவா இருந்தா என்ன, மீனு பச்சையாத்தானே..." என்றாள் மருமகள்.

"நான் இன்னும் பேசி முடிக்கல..."

"மே மாச வெயில்ல தூத்துக்குடியில இருந்து பஸ்ஸுல வந்த மீனுங்க இது! வேக வைக்காமக் குடுத்தா உங்க மேனேஜர் நேரா ஆஸ்பத்திரிக்குத்தான் போவாரு!"

"ஜப்பான்ல ஊரே திங்குது. எவனாவது செத்தானா?"

"அவங்க மீனு கடல்ல இருந்து வருது. நம்ம மீனு பஸ் ஸ்டாண்டுல இருந்துல்லா வருது!"

பாளையங்கோட்டையின் வரலாற்றை இரண்டே காலங்களாகப் பிரித்துவிடலாம். என் மகன் ஹெப்ரான் ஜப்பான் போவதற்கு முன். போய் வந்த பின். முந்தையது இருண்ட காலம். அதில் நாங்கள் வெந்த மீனைத் தின்று, நினைத்த நேரத்தில் காபி குடித்து, எந்த ஒழுங்கும் இல்லாமல் சந்தோஷமாக இருந்தோம்.

அவன் வேலை பார்க்கும் தொழிற்சாலை அவனை மூன்று மாதப் பயிற்சிக்கு அனுப்பியது. திரும்பி வந்தவன் வாசலிலேயே இடுப்பை வளைத்து எனக்கு வணக்கம் வைத்தான். இடுப்பு பிடித்துக்கொண்டது, தைலம் தேய்த்தது மருமகள் யூனிஸ். மறுவாரமே சபையில் 'ஜப்பானியரும் நேரந்தவறாமையும்' என்று ஒரு சொற்பொழிவு ஆற்றினான். அதற்கு அரை மணி நேரம் தாமதமாகப் போனான் என்பதை நான் குறையாகச் சொல்ல மாட்டேன். கழுத்துப்பட்டை கட்டுவதற்கு அவ்வளவு நேரம் ஆகத்தான் செய்யும்.

பிறகு எங்கள் வீட்டில் 'தரக்கட்டுப்பாட்டுக் குழு' அமைந்தது. தலைவர் ஹெப்ரான். உறுப்பினர்கள் நானும் யூனிஸும். தலைவர் பேசுவார், உறுப்பினர்கள் கேட்பார்கள், தீர்மானம் ஏகமனதாக நிறைவேறும். "ஜப்பான்ல அவனவன் தின்ன தட்டை அவனவனே கழுவுதான்" என்று தலைவர் முதல் கூட்டத்தில் அறிவித்தார். அறிவித்துவிட்டு, தாம் தின்ற தட்டை யூனிஸ் பக்கமாக நகர்த்தி வைத்தார்.

குழுவின் முன் தீராமல் கிடந்த பொருள் ஒன்றே ஒன்றுதான். யூனிஸ் பெண்கள் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். மகன் ஜப்பான் புறப்பட்ட சமயம் நான் கால் முறிந்து கிடந்தேன். என்னைப் பார்த்துக்கொள்ள அவள் நீண்ட விடுப்பு எடுத்தாள். கால் கூடிவிட்டது. வருகிற திங்கட்கிழமை பள்ளிக்கூடம் திறக்கிறது.

"வீடுங்கறது ஒரு தொழிற்சாலை. முழுநேர ஆள் இல்லாட்டா தரம் வராது" என்றார் தலைவர்.

"அப்போ நான் வேலைக்குப் போகவே வேண்டாமா?"

"அப்படிச் சொல்லுவனா? சனிக்கிழமை மத்தியானம் மேனேஜரைக் குடும்பத்தோட சாப்பிடக் கூப்பிட்டிருக்கேன். ஜப்பான் தரத்துல சுஷி செஞ்சு போடு. சரியா வந்தா, திங்கக்கிழமை போ."

"நெசமாவா?"

"தீர்மானம் போட்டாச்சு."

சுஷி என்றால் புளிப்புச் சோற்றுக்கு நடுவே மீனை வைத்து, கடல்பாசித் தாளில் சுருட்டி, வட்டம் வட்டமாக நறுக்குவது. மேலே கேட்ட சனிக்கிழமை காலைச் சண்டைக்குப் பிறகு, சுருளை மாவில் முக்கி எண்ணெயில் பொரித்துக்கொள்ளத் தலைவர் 'தொழில்நுட்ப அனுமதி' வழங்கினார். மேனேஜரைப் பிணமாக அனுப்பினால் பதவி உயர்வு சிரமம் என்று அவருக்கே தோன்றியிருக்க வேண்டும்.

யூனிஸ் அம்பை பதினாறு அரிசியைக் குழைய வடித்தாள்.

"இதுல காடி ஊத்தணும், அதான் வினிகர்" என்றான்.

அவள் கன்னத்தில் கை வைத்தாள். "ஆண்டவருக்குச் சிலுவையில குடுத்ததையா சோத்துல ஊத்தச் சொல்லுதீங்க?"

"ஊறுகாயில ஊத்துதியே, அப்போ ஆண்டவர் ஞாபகம் வரலியோ?"

அவள் எலுமிச்சம்பழம் பிழிந்தாள். 'உள்நாட்டு மாற்றுப் பொருள்' என்று அது உடனடியாக அங்கீகரிக்கப்பட்டது.

அடுத்து, கடல்பாசித் தாள். அவன் வாங்கி வந்த ஒரே பாக்கெட், வெளிநாட்டுச் சாமான்களுக்குரிய மரியாதையோடு பீரோவில் கோட்டுக்கும் வாசனை சோப்புக்கும் நடுவில் இருந்தது. வருகிறவர்களுக்கெல்லாம் காட்டிவிட்டு உள்ளே வைப்போம். பிரித்ததும் வீடெல்லாம் மணந்தது.

"கடல் வாசனை" என்றான்.

"அந்துருண்டை வாசனைங்க."

முட்டைக்கோஸ் இலை அந்த இடத்துக்குப் பதவி உயர்வு பெற்றது.

"சுருட்டுறதுக்கு மூங்கில் பாய் வேணுமே. பாய் இல்லாம சுஷியே கெடையாது" என்று பரபரத்தவனின் கண் பீரோவுக்கு மேலே போனது. அங்கே இருந்தது அவர்களுடைய கல்யாணப் பாய். பத்தமடையில் சொல்லி வைத்து நெய்தது. ஒரு தலைப்பில் ஹெப்ரான், மறு தலைப்பில் யூனிஸ், நடுவில் கல்யாணத் தேதி. என் மகன் ஸ்கேல் வைத்து அளந்தான். பென்சிலால் கோடு போட்டான். ஒரு நூல் பிசகாமல் வெட்டி எடுத்தான். அந்தத் துல்லியத்தைப் பார்த்துப் பெற்ற வயிறு குளிர்ந்தது.

வெட்டிய துண்டில் 'யூனிஸ்' என்று இருந்தது.

"இந்தப் பக்கம் கோரை நல்லா நெருக்கமா இருக்கு" என்றான்.

யூனிஸ் துண்டைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள். துண்டைக் கழுவி, தன் பேருக்கு மேலேயே சோற்றைப் பரப்பிச் சுருட்ட ஆரம்பித்தாள்.

மேனேஜர் அப்பாத்துரையும் அவர் மனைவி சாலோமியும் வந்தார்கள். பொரித்த சுருள் பொன்னிறமாய், புதினாத் துவையலோடு வந்தது. அப்பாத்துரை பேச்சை நிறுத்திவிட்டுத் தின்றார். தட்டு காலியான பிறகே நிமிர்ந்தார்.

"பிரமாதம்லா! தம்பி, யாரு செஞ்சது?"

"நான்தான் அண்ணாச்சி சொல்லிக் குடுத்தேன்."

"எப்படித் தம்பி?" என்று சாலோமி கபடமில்லாமல் கேட்டாள். "நீங்க அங்க மூணு மாசமும் ரொட்டியும் வாழைப்பழமும்தான் தின்னீங்கன்னு கூட வந்த பையன் சொன்னானாமே? இந்த சுஷியைத் தட்டுல பாத்ததும் மயங்கி விழுந்துட்டீங்களாமே?"

"அது... வெயிலு மதினி."

"நீங்க பனிக்காலத்துலல்லா போனீங்க?" என்றார் அப்பாத்துரை.

தின்ற பண்டத்துக்குத் தரம் சொல்ல யாராலும் முடியும். நாக்கில் படாத பண்டத்துக்குத் தரம் நிர்ணயிக்க அபாரமான ஞானம் வேண்டும். அது என் மகனுக்கு இருந்தது.

விருந்தாளிகள் போனதும் குழு கூடியது.

"சரியா வந்துச்சுல்லா?" என்று யூனிஸ் கேட்டாள்.

"ரொம்பச் சரியா வந்துச்சு. அடுத்த மாசம் மெட்ராஸ்ல இருந்து அதிகாரிங்க வாராங்களாம். அவங்களுக்கும் இதையே செய்யணும்னு மேனேஜர் சொல்லிட்டாரு. இனிமே ஒனக்குப் பள்ளிக்கூடம் போக நேரம் ஏது?"

"சரியா வராம இருந்திருந்தா?"

"அப்போ எப்படி அனுப்புறது? இன்னும் பழகணும்லா?"

எந்தப் பக்கம் தள்ளினாலும் மூடிக்கொள்ளும் கதவு! இதைக் கற்றுக்கொள்ள மூன்று மாதம் போதுமா என்று நான் வியந்தேன்.

தலைவர் கொட்டாவி விட்டார். "பாயைப் போடு. கொஞ்சம் தலை சாய்க்கேன்."

யூனிஸ் கல்யாணப் பாயைக் கொண்டுவந்து விரித்தாள். அவன் படுத்தான், உடனே எழுந்து உட்கார்ந்தான்.

"ஏட்டி, தலை வைக்கிற இடத்துல தரையால்லா இருக்கு! பாயில ஓட்டை!"

"ஓட்டை இல்லங்க. அங்கன எம் பேரு இருந்துச்சு. திங்கக்கிழமையில இருந்து அது பள்ளிக்கூடத்துல இருக்கும்."

அவன் திகைத்துப்போய் என் பக்கம் திரும்பினான். குழு தொடங்கிய நாளிலிருந்து ஓர் உறுப்பினரிடம் தலைவர் அபிப்பிராயம் கேட்டது அதுவே முதல் தடவை.

"அம்மா, கேட்டீங்களா இவ பேசுததை? நீங்களே ஒரு தீர்ப்பு சொல்லுங்க."

"தீர்ப்பு கெடக்கட்டும்லே. ரெண்டு பேரையும் சேத்து நெய்த பாயி. வெட்டணும்னு வந்தப்போ ஒம் பேரு மட்டும் எப்படிலே தப்பிச்சுது?"